பிறைக்கு முன்னால் எழுபத்து நாலு

பிப்ரவரி 15, ஞாயிறு

காலையில் பனி. பத்து மணிக்கே சுள்ளென்று வெயில். கடை விடுமுறை. டெலஸ்கோப்பின் கண்ணாடியைத் துடைத்தேன். துடைத்தது மனைவி மைமூனின் புது மல்துணித் துப்பட்டாவால். அவளுக்குத் தெரியாது. தெரியவும் வேண்டாம்.

நிலவரம்: நான் வானத்தில் தேடிப் பார்க்கிற பட்டியலில் மொத்தம் நூற்றுப் பத்து. கேலக்ஸி, நட்சத்திரக் கூட்டம், நெபுலா எல்லாம் சேர்த்து. பாக்கி ஒன்றே ஒன்று, எண் எழுபத்து நாலு. மீன ராசியில் ஒரு கேலக்ஸி. படத்தில் சுருள் சுருளாக அவ்வளவு அழகு. நேரில் இருக்கிறதா இல்லையா என்று சொல்ல முடியாத மங்கல். மூன்று வருடமாகக் கண்ணாமூச்சி.

புதன்கிழமை பிறை பார்க்கும் நாள். தெரிந்தால் அன்று இரவே ரமலான் தராவீஹ் தொழுகை ஆரம்பம். பிறகு ஒரு மாதத்துக்கு ராத்திரியில் மாடி கிடையாது, பள்ளிவாசல்தான். நோன்பு முடிவதற்குள் எழுபத்து நாலு மேற்கு மலைக்குப் பின்னால் இறங்கிவிடும். அப்புறம் ஐப்பசியில்தான். ஆக, இருப்பது நாலே சாயங்காலம்.

இன்று சிவராத்திரி. கோயிலில் ஃபோகஸ் லைட். வானமே வெளுத்துப்போய்க் கிடந்தது. பார்த்தது: ஒன்றுமில்லை.

பிப்ரவரி 16, திங்கள்

கடையில் கூட்டமில்லை. சொட்டுநீர்க் குழாய் வாங்க வந்த திராட்சைத் தோட்டக்காரர் குரலைத் தாழ்த்தி, "ராவுத்தரே, வீட்டு மாடில போர் போட்டிருக்கீகளாமே? எத்தன அடி?" என்றார்.

என் டெலஸ்கோப்பின் உடம்பு எட்டு இஞ்ச் கேசிங் பைப், நம் கடைச் சரக்கு. தெருவிலிருந்து பார்த்தால் போர்தான். "அது தண்ணிக்கு இல்லண்ணே, வானத்துக்கு" என்றேன். கொஞ்சம் யோசித்தார். "மேல தண்ணி இருக்குன்னு யாரு பாத்துச் சொன்னது?"

சாயங்காலம் வானம் சுத்தம். மாடியேறினால் பின்னாலேயே பக்கத்து வீட்டுக் கரீம் பாய், குடும்பத்தோடு. மரியாதைக்கு ஓரியன் நெபுலாவைக் காட்டினேன். நட்சத்திரங்கள் பிறக்கிற இடம் என்று விளக்கினேன். குனிந்து பார்த்தார்.

"பொகையா இருக்கு பாய். எங்கனயோ குப்பையக் கொளுத்துறாக."

மைமூன் எல்லோருக்கும் டீயும் பஜ்ஜியும் கொண்டுவந்தாள். பஜ்ஜிக்கு மதிப்பு அதிகம். அவர்கள் இறங்கும்போது மேகம் ஏறிவிட்டது. இன்னும் இரண்டு நாள்.

பிப்ரவரி 17, செவ்வாய்

காற்று. முட்டிவலி. மத்தியானச் சாப்பாட்டில் மைமூனுக்குப் பட்டியலின் கதையைச் சொன்னேன். இருநூறு வருடங்களுக்கும் முன்னால் பிரான்ஸில் ஒருவர் வால்நட்சத்திரம் தேடியது, வழியில் அசையாத புகைத்திட்டுகளாக வந்து ஏமாற்றியவற்றை எழுதிவைத்தது.

"அப்ப இந்த நூத்திப் பத்தும் அவருக்கு வேண்டாததா?"

"ஆமா."

"அவரு வேண்டாம்னு ஒதுக்குனத நீங்க மூணு வருசமாத் தேடுறீக."

ரசம் கேட்டேன்.

சொல்லாமல் விட்டது: எழுபத்து நாலை முதலில் கண்டவர் அவர்கூட இல்லை. கூட்டாளி ஒருவர் பார்த்துச் சொல்ல, இவர் பிறகு தானும் பார்த்துப் பட்டியலில் சேர்த்திருக்கிறார். சொல்லியிருந்தால் அதற்கும் ஏதாவது கேட்டிருப்பாள்.

இருட்டும் நேரம் பார்த்துப் பெரியண்ணன் வந்துவிட்டார். ஜமாத்தில் பேசிவிட்டார்களாம், நாளைக்குப் பிறை பார்ப்பது என் மாடியில்தான். மேற்கே மலை இருக்கிறது, தாழ்ந்த பிறையை மறைத்துவிடும், டெலஸ்கோப் வைத்தாலும் தெரியாது என்றேன்.

"ஏலே, இருவத்தஞ்சு லட்சம் வருசத்துக்கு முன்னால கெளம்புன வெளிச்சத்தப் பாத்தேன்னு நீதான சொன்ன? இந்தா இருக்கு மலை, அதுக்கு அங்கிட்டு இருக்கிற பிறை தெரியாதாக்கும்?"

அண்ணன் போகும்போது மீன ராசி மலையைத் தொட்டிருந்தது.

பிப்ரவரி 18, புதன்

வானம் துடைத்துவிட்டதுபோல. ஒரு பொட்டு மேகம் இல்லை. இதுதான் கடைசி. எழுதவே வெட்கமாக இருக்கிறது: பிறை இன்று தெரியக் கூடாது என்று நினைத்தேன். தெரியாவிட்டால் ஊருக்கு ஒரு நாள் தள்ளிப்போகும், எனக்கு ஓர் இரவு கிடைக்கும்.

மாடியில் நிற்க இடமில்லை. பள்ளிவாசல் இமாம் அசரத்து, ஜமாத்தார், பாதித் தெரு. எல்லோர் கையும் மலைப்பக்கம். அந்தித் தொழுகையான மக்ரிபை மாடியிலேயே தொழுதோம். மலைச்சரிவில் ஜீப் வெளிச்சம் தெரிந்ததும் "அந்தா!" என்று ஒரு சத்தம். அது கம்பம்மெட்டு மலைப்பாதையில் இறங்குகிற ஏலக்காய் எஸ்டேட் ஜீப்.

குழாயை மலை விளிம்போடு நகர்த்திக்கொண்டே போனேன். இரண்டு மலைக்கு நடுவே பள்ளமான இடத்தில், நகத்தைச் சீவிப் போட்டதுபோல இருந்தது. பிறைதான்.

யாருக்கும் தெரியவில்லை. நான் மட்டும் பார்க்கிறேன். வாயைத் திறக்காமல் நின்றால் சீக்கிரம் மலைக்குள் போய்விடும். நின்றேன். "பிறை!" என்று கத்தியது என் குரல்தான்.

அசரத்து விடவில்லை. "குழாய்ல பாத்தது போதாது, கண்ணால பாக்கணும். எங்கன? கொம்பு எந்தப் பக்கம்? மலைக்கு மேல எத்தன வெரக்கட? மேகத் துண்டா இருக்கக் கூடாதா?" காட்டினேன். அவர் பார்த்தார். பிறகு ஊரே பார்த்தது. கரீம் பாய் என்னைக் கட்டிக்கொண்டு அழுதார். எனக்கும் கண் கலங்கியது. என் காரணம் கொஞ்சம் வேறு.

எல்லோரும் இறங்கிய பிறகு நன்றாக இருட்டியது. எழுபத்து நாலுக்குப் பக்கத்தில் ஒரு நட்சத்திரம் உண்டு. அதைக் குழாய்க்கு நடுவில் வைத்துவிட்டுக் கையை எடுத்தால் போதும், பூமி சுற்றுகிற சுற்றில் ஒரு டீ குடிக்கும் நேரத்தில் கேலக்ஸி தானாக வந்து நிற்கும். வைத்தேன். கையை எடுத்தேன்.

கீழே அண்ணன்: "ஏலே, பிறைய நீ பாத்துட்டு தொழுகைக்கு நீயே வரலேன்னா ஊரு என்ன பேசும்?"

போனேன்.

பிப்ரவரி 19, வியாழன். முதல் நோன்பு

நேற்று ராத்திரி தொழுதுவிட்டு வந்து நேராக மாடிக்கு ஓடினேன். மீன ராசி மலைக்குள் போயிருந்தது. அவ்வளவுதான், ஐப்பசி. சாப்பிட உட்கார்ந்தேன்.

மைமூன் குழம்பு ஊற்றிக்கொண்டே சொன்னாள்: "நீங்க தொழுகைக்கு எறங்குனதும் நாற்காலி எடுக்க மாடிக்குப் போனேன். சும்மா குனிஞ்சு பாத்தேன். வட்டமா, ஆவி மாதிரி ஒண்ணு நகந்து வந்துச்சு. நடுவுல மட்டும் லேசா வெளிச்சம். அதானா?"

அசரத்தாகவே மாறிவிட்டேன். எந்தப் பக்கமிருந்து வந்தது? எவ்வளவு பெரிசு? கண்ணாடியில் அழுக்காக இருக்கக் கூடாதா?

"அழுக்கு நட்சத்திரத்தோட சேந்து நகருமா? நேராப் பாத்தா மறைஞ்சிருது, ஓரக்கண்ணால பாத்தாத்தான் தெரியுது. அழுக்கு எப்புடி இருக்கும், என் துப்பட்டாலதான தொடச்சீக?"

சாட்சி சுத்தம். மங்கலான கேலக்ஸியை ஓரக்கண்ணால்தான் பார்க்க வேண்டும் என்பது எனக்குப் பிடிபட ஒரு வருடம் ஆனது. இவளுக்கு நாற்காலி எடுக்கிற நேரம். பொறாமைதான். அதையும் மீறிச் சிரிப்பு வந்தது. பட்டியலை எடுத்து எழுபத்து நாலுக்கு நேரே எழுதினேன்: கண்டது மைமூன். நான், ஐப்பசியில்.

விடியுமுன் சாப்பிடுகிற சஹருக்கு எழுப்பியதும் அவளே. தண்ணீர்ச் சொம்பை வைத்துவிட்டுச் சொன்னாள்: "நோன்பு முடியிற வரைக்கும் நான் வீட்லதான் தொழுவேன். வேற என்னத்தையாச்சும் நான் பாத்துச் சொல்லணும்னா குழாயத் திருப்பி வச்சிட்டுப் போங்க."

திருப்பி வைத்துவிட்டுத்தான் கடைக்கு வந்தேன்.