ஷெட் தூணில் கட்டிய பாவு

மாசி 4, திங்கள்

காலையிலேயே நல்ல வெயில். வக்கீலம்மா போன். புதன்கிழமை நகராட்சி அதிகாரி ஐகோர்ட்டில் நேரில் வந்து நிற்க வேண்டுமாம்! தெருக்கோடியை ஆக்கிரமித்த கார் ஷெட்டை எட்டு வாரத்தில் இடிக்கச் சொல்லி உத்தரவு வந்தது போன வருஷம். ஷெட் இன்னும் அப்படியே. அதற்குத்தான் கோர்ட் அவமதிப்பு மனு போட்டேன்.

ஒரே பதற்றம். ரசத்தில் இரண்டு தடவை உப்பு. வீட்டுக்காரர் முகம் சுளிக்காமல் குடித்தார். "ஆபீசரையே இழுத்துட்டியேம்மா," என்று மட்டும் சொன்னார்.

தறியில் ஏற்றும் நீள நூலை, மூன்று சேலைப் பாவை, நீட்டிய தெரு இது. ஷெட் வந்ததிலிருந்து இரண்டு சேலைக்குத்தான் இடம்.

சென்னைக்கு: உத்தரவு நகல், போட்டோ, ஆதார், மோர் சாதம்.

மாசி 5, செவ்வாய்

விடியலில் பாவு நீட்டிக் கஞ்சி போட்டோம். ஏழு மணிக்கு ஜேசிபி. கூடவே அதிகாரி, வேர்த்து விறுவிறுத்து.

இடிக்க முடியவில்லை. காரணம் நாங்களே. பாவின் கோடியைக் கட்டியிருப்பது அந்த ஷெட் தூணில். வேறு வழியில்லாமல் இத்தனை நாள் கட்டிப் பழகிவிட்டோம். ஈரத்தில் அவிழ்த்துத் தொய்ந்தால் இழைகள் ஒட்டிக்கொள்ளும், பாவு போச்சு.

ஷெட்காரருக்குக் கொண்டாட்டம். செல்போனில் வீடியோ. "பாத்துக்கோங்க சார், கேஸ் போட்டவங்களே இடிக்க விடாம நிக்கிறாங்க."

இந்த வீடியோ நாளைக்குக் கோர்ட்டுக்குப் போனால் என் மனுவே அவ்வளவுதான். வீட்டுப் பக்கம் தொட்டுப் பார்த்தேன், காய்ந்திருந்தது. அங்கே நின்று சுருட்ட ஆரம்பிக்கலாம். ஆனால் இந்தக் கோடியைத் தூணிலிருந்து அவிழ்த்து, தொய்யாமல் பிடித்தபடி வீட்டை நோக்கி நடக்க ஆள் வேண்டும். தெருவில் இருந்தது ஐந்து பேர், ஒரு ஆள் குறை.

"சார், நீங்களும் ஒரு கை புடிங்க. இல்லனா நாளைக்கு ரெண்டு பேருமே கைய கட்டிக்கினு நிக்கணும்."

பிடித்தார்! வாட்சைக் கழற்றிப் பையில் போட்டுக்கொண்டு, தேர் வடம் பிடித்த மாதிரி தெரு முழுக்க நடந்தார். ஒரு இழைகூட அறுபடவில்லை. ஒன்பதரைக்கு ஷெட் தரைமட்டம். நான் விசில் அடித்தேன். வீட்டுக்காரர் வெட்கத்தில் தலை குனிந்துகொண்டார்.

மாசி 6, புதன்

ஐகோர்ட். காத்திருந்தது நான்கு மணி நேரம், விசாரணை மூன்று நிமிஷம். உத்தரவு நிறைவேறியதா என்று நீதிபதி கேட்டார். அதிகாரி தரப்பில் இடித்த போட்டோ கொடுத்தார்கள். வக்கீலம்மா என்னைத் திரும்பிப் பார்த்தார், தலையாட்டினேன். மனு முடிந்தது.

வெளியே வந்ததும் அதிகாரி உள்ளங்கையைக் காட்டினார். "இன்னும் எரியுதும்மா." சிரித்துவிட்டேன், அவரும்தான்.

மோர் சாதம் பையிலேயே மறந்து புளித்துவிட்டது.

மாசி 7, வியாழன்

மூன்று சேலைப் பாவு! தெரு முழுக்க. நீட்டிக்கொண்டே போய்க் கோடியில் நின்றால், கட்டத் தூண் இல்லை. முன்பு பாவு கட்டிய பழைய கல்லை ஷெட் கட்டும்போதே பிடுங்கிவிட்டார்கள். இது யாருக்குமே தோன்றவில்லை.

வீட்டுக்காரர் ஒரு கட்டையை எடுத்துவந்து நடப் பார்த்தார். பொதுத் தெருவிலா? தடுத்தேன்.

"வேணாம்யா. அப்புறம் நம்ம மேல எவனாவது மனு போடுவான்."

கஞ்சி காய்கிற வரைக்கும் நானே பிடித்துக்கொண்டு நின்றேன். கை எரிந்தது. விடவில்லை.