‘ரூம் உண்டு’ போர்டுக்குப் பின்னால்

இன்று காலை நம் வீட்டுக் கேட்டில் மைதா பசை வாடை. பேங்க்காரர்கள் புது நோட்டீஸ் ஒட்டிவிட்டுப் போன கொஞ்ச நேரத்தில் சாரல் விழுந்தது. பசை ஊறி, வாடை உள்ளே வரைக்கும் வந்துவிட்டது. போட்ட காபியைக் குடிக்காமல் உங்களை நினைத்துக்கொண்டு வாசலிலேயே நின்றேன்.

முதல் நோட்டீஸும் இப்படியொரு சீசன் தொடக்கத்தில்தான் வந்தது. குற்றாலத்திலிருந்து ஐந்தருவி போகும் வண்டிகளெல்லாம் நம் வாசலைப் பார்த்துக்கொண்டே போகும். வீட்டைப் பேங்க் எடுத்துக்கொண்டதாக எழுதியிருந்த காகிதத்தை வாசித்துவிட்டு, ‘ரூம் உண்டு’ போர்டைத் தூக்கி வந்து அதன் மேலேயே மாட்டினீர்கள். நான் கேட்டதற்கு, “சீசன் முடியட்டும்ட்டி, பாத்துக்கிடலாம்” என்றீர்கள். சீசனுக்கு வாடகைக்கு விட மாடியில் அறைகள் கட்ட வாங்கிய கடன் அது. மழை பொய்த்து அருவி காய்ந்தபோது தவணை நின்றது. அதற்கு உங்களைக் குறை சொல்ல மாட்டேன். போர்டு மாட்டியதற்குத்தான் கோபம்.

சீசன் பாதியில் உங்களை இழுக்காத குறையாகத் தென்காசிக்கு, வக்கீலம்மாவிடம் கூட்டிப்போனேன். உள்ளூர்க் கோர்ட்டிலேயே ஒரு தடை வாங்கிவிடலாம் என்று நம்பி வந்தீர்கள். இந்த வழக்கை இந்தக் கோர்ட் தொடாது, மதுரையில் இருக்கும் கடன் மீட்புத் தீர்ப்பாயத்துக்குத்தான் போக வேண்டும், அதுவும் வீட்டை எடுத்த நாளிலிருந்து நாற்பத்தைந்து நாளுக்குள் என்றார் அவர். போர்டுக்குப் பின்னால் அந்தக் கெடு ஓடிக்கொண்டிருந்தது உங்களுக்கு அப்போதுதான் உறைத்தது. எப்படியோ கடைசி நேரத்தில் மனுப் போட்டோம்.

தடை கிடைக்கவில்லை. வீடு ஏலம் போனது, செங்கோட்டைக்காரர் ஒருவர் எடுத்தார். வக்கீலம்மா காகிதங்களைப் புரட்டிவிட்டு, வீடு இரண்டு பேர் பெயரில் இருக்கிறதே, ஏல நோட்டீஸ் எனக்கும் தனியாக வந்ததா என்று கேட்டார். உங்களுக்கு மட்டும்தான் அனுப்பியிருந்தார்கள். இதை வைத்தே விற்பனையை உடைக்கலாம் என்றார். திரும்பும் பஸ்ஸில் நீங்கள் சிரித்தீர்கள். “ஒம் பேருக்கு ஒரு கடுதாசிகூட வரலன்னு சடைச்சுக்கிடுவியே, அது வராததுலதாம்ட்டி இப்ப வீடு நிக்குது.”

தீர்ப்பு வருவதற்குள் நீங்கள் போய்விட்டீர்கள். ஏலம் செல்லாது என்று தீர்ப்பாயம் சொன்னபோது பழக்கத்தில் பக்கத்தில் திரும்பிப் பார்த்தேன். வேறு யாரோ உட்கார்ந்திருந்தார். ஏலம்தான் செல்லாது, கடன் அப்படியே இருக்கிறது, முறையாக நோட்டீஸ் கொடுத்து மறுபடி விற்க வருவார்கள் என்று வக்கீலம்மா அன்றே சொல்லிவிட்டார்.

வந்துவிட்டார்கள். ஊர் முழுக்கச் சீசன் கூட்டம், இதைச் சொல்ல எனக்கு ஓர் ஆள் இல்லை. இந்த முறை நோட்டீஸில் என் பெயர் தெளிவாக இருக்கிறது. உங்கள் பெயருக்கு முன்னால் ‘காலஞ்சென்ற’ என்று அச்சடித்திருக்கிறார்கள். அந்தச் சொல்லைப் பார்க்க முடியாமல் உள்ளே போய்ப் போர்டை எடுத்து வந்தேன். அதைக் கையில் வைத்துக்கொண்டு நின்றபோதுதான், அன்று உங்களுக்கு எப்படி இருந்திருக்கும் என்று தெரிந்தது. கோபம் போய்விட்டது. அதைச் சொல்ல நீங்கள் இல்லை.

போர்டைப் பக்கத்துத் தூணில் மாட்டினேன். நோட்டீஸை எல்லோரும் பார்க்கட்டும். நாளைக் காலை மதுரை பஸ். எப்போதும்போல ஜன்னலோரம் எனக்கு. உங்கள் இடத்தில் கேஸ் கட்டை வைத்துக்கொள்வேன்.