இந்த மாத்திரை எதுக்குங்க?

ஜூன் 18, 2025. புதன்

டிப்பர் டிரைவர் அமாவாசை இந்த மாதமும் மாத்திரை வாங்க வரவில்லை. டோசுலெபின் எட்டு அட்டை அலமாரியில் அப்படியே கிடக்கிறது. டிசம்பரோடு காலாவதி. அரியலூரில் எந்த டாக்டரும் இதை எழுதுவதில்லை, எல்லோரும் புது மருந்துகளுக்குப் போய்விட்டார்கள். திருச்சி டாக்டர் ஒருவர் எழுதிக் கொடுத்தார் என்று இந்த ஒரு ஆளுக்காகப் பத்து அட்டை தருவித்தேன். மார்ச்சில் இரண்டு வாங்கினான், அவ்வளவுதான்.

தப்பு என் வாயில்தான். ஏப்ரலில் வந்தபோது, "இந்த மாத்திரை எதுக்குங்க? கவர்ல நரம்புன்னு போட்டிருக்கீங்க, டாக்டரு மனசுன்னு சொன்னாரு" என்று கேட்டான். கேட்டவனிடம் மறைப்பானேன்? "அமாவாசை, இது மென்டலுக்குக் குடுக்குறது. நீ டிப்பர் ஓட்டுற ஆளு. தூக்கத்துல எங்கயாவது கொண்டுபோய் வுட்டுடுவ. இப்ப நல்லாத்தான இருக்க? நிறுத்திடு, இல்லன்னா பழகிப் போயிடும்" என்றேன். அவன் முகத்தில் அப்படி ஒரு நிம்மதி. கும்பிட்டுவிட்டுப் போனான். ஒரு குடும்பத்தைக் காப்பாற்றிய திருப்தி எனக்கு, தேங்கிய சரக்கு மிச்சம்.

கவரில் 'நரம்பு' என்று எழுதுவது இருபத்தேழு வருடப் பழக்கம். சுகர், பிரஷர், வலி, கேஸ் என்று மற்றதற்கெல்லாம் உள்ளதை எழுதுவேன், மனசு மாத்திரைக்கு மட்டும் நரம்பு. நரம்பு என்று போட்டால் யாரும் முகம் சுளிக்க மாட்டார்கள்.

ஜூன் 20, வெள்ளி

மனைவி லீலா மதியம் சாப்பாட்டுக் கேரியர் கொண்டுவந்தாள். வெண்டைக்காய்ப் புளிக்குழம்பு. உப்பு இல்லை. சொன்னேன். "ம்" என்றாள்.

ஜூலை 3, வியாழன்

பெரம்பலூரிலிருந்து மணிவேல் போன் செய்தான். என்னோடு டி.பார்ம் படித்தவன், அங்கே பஸ் ஸ்டாண்டு பக்கம் மெடிக்கல் வைத்திருக்கிறான். டோசுலெபின் இருக்கிறதா என்று கேட்டான். எந்த ஏஜென்சியிலும் இல்லையாம். அவனுக்கும் ஒரே ஒரு கஸ்டமர்தானாம்.

"எந்த மென்டலுக்குடா?" என்று கேட்டேன்.

அவன் சிரிக்கவில்லை. "பஸ்ல குடுத்து வுடு, இன்னைக்கே வேணும்" என்றான். வயதாகிறது அவனுக்கு.

இரண்டு அட்டையைக் காகிதத்தில் சுற்றி, ஒன்பதரை மணி பெரம்பலூர் பஸ் டிரைவரிடம் கொடுத்தேன். கைமாற்றுச் சரக்கு என்பதால் வழக்கம்போல அட்டையின் பின்புறம் பச்சை மையில் 'கொ.அ. 3/7' என்று எழுதினேன். கொளஞ்சியப்பன், அரியலூர். இல்லாவிட்டால் அவன் வாங்கியதையே மறந்துபோவான்.

ஜூலை 5, சனி

மாதத்தில் ஒரு சனிக்கிழமை லீலா பெரம்பலூர் பெருமாள் கோயிலுக்குப் போவாள். இன்று போய் வந்தாள். துளசி கொடுத்தாள், வாயில் போட்டுக்கொண்டேன். ஜெயங்கொண்டத்திலிருந்து மகள் ஆர்த்தி போன் செய்து மாப்பிள்ளைக்கு இருமல் என்றாள். மருந்து சொன்னேன்.

ஜூலை 9, புதன்

எழுத்து எனக்கே புரியவில்லை.

காலையில் சட்டைப் பொத்தான் அறுந்தது. லீலா தண்ணீர் பிடிக்கப் போயிருந்தாள். ஊசி நூல் எங்கே என்று தையல் மெஷின் டிராயரை இழுத்தேன். பழைய பிஸ்கட் டின் ஒன்று இருந்தது. நூல்கண்டு, கொக்கி, இஞ்ச் டேப். அடியில் ஒரு கைக்குட்டை மடிப்பு. மடிப்புக்குள் மாத்திரை அட்டை.

திருப்பினேன். கொ.அ. 3/7.

என் எழுத்து. என் பச்சை மை. நான் பஸ்ஸில் ஏற்றி அனுப்பிய அட்டை என் வூட்டு டிராயருக்கு எப்படிடா வந்தது? ஐந்து மாத்திரை பிய்த்திருந்தது. அப்படியே மடித்து வைத்துவிட்டேன். பொத்தான் இல்லாத சட்டையோடு கடைக்கு வந்துவிட்டேன். பூமாலை, "என்னண்ணே, பேயறைஞ்ச மாதிரி இருக்கீங்க?" என்றாள். எட்டு வருடமாக என் கடையில் நிற்கிறவள், அவளிடம் பொத்தான் அறுந்ததை மட்டும் சொன்னேன்.

எந்த மென்டலுக்குடா என்று கேட்டேனே. கேட்டேனே!

அதே நாள், மாலை

புத்தகத்தை எடுத்துப் பார்த்தேன். எனக்குத் தெரிந்த மருந்துதான். ஆனாலும் பார்த்தேன்.

பழைய பெயர் டோத்தியெபின், பிறகு டோசுலெபின் ஆனது. மருந்தின் மூலக்கூறில் கந்தகம் இருக்கிறது, அதுதான் 'தி' என்றும் 'சுல்' என்றும் இரண்டு பெயர்களிலும் ஒட்டிக்கொண்டிருக்கிறது. படித்த காலத்தில் உருப்போட்டது, இப்போது ஞாபகம் வந்து என்ன ஆகப்போகிறது?

பயன்: மனச்சோர்வு. அதுதான் முதல் வரி. அதற்குக் கீழே பதற்றம். தீராத வலிக்கும், நரம்பு வலிக்கும் சில டாக்டர்கள் எழுதுவதுண்டு. அந்த வரியைப் பத்துத் தடவை படித்தேன். லீலாவுக்குத் தோள்வலி உண்டு. போன வருடம் கையைத் தூக்க முடியவில்லை என்றாள், நான்தான் தைலம் கொடுத்தேன். வலிக்காகத்தான் இருக்கும்.

வலிக்கு என்றால் எதற்குக் கைக்குட்டைக்குள் மடித்து வைக்க வேண்டும்? வலிக்கு என்றால் கடைக்காரன் பெண்டாட்டி எதற்கு ஊர் விட்டு ஊர் போய் வாங்க வேண்டும்?

ஜூலை 10, வியாழன்

கேரியர் வந்தது. அவள் முகத்தைப் பார்த்தேன். நேற்றைய முகம்தான். இருபத்தெட்டு வருடமாக இதே முகத்தைத்தான் பார்த்தேனா?

ஜூலை 12, சனி

கடையைப் பூமாலையிடம் விட்டுவிட்டுப் பெரம்பலூர் போனேன். மணிவேல் என்னைப் பார்த்ததும் ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டு டீ சொன்னான்.

"யாருக்குடா அந்த மாத்திரை?"

"தெரிஞ்சுதான வந்திருக்க?"

"உனக்கு எப்பலேருந்து தெரியும்?"

"மொத நாளே தெரியும்டா. உன் வூட்டுக் கிரகப்பிரவேசத்துல எனக்குச் சோறு போட்டது அவங்கதான். ஒம்பது வருசமா வர்றாங்க."

ஒன்பது வருடம்! டீ கிளாஸைக் கீழே வைக்கத் தெரியாமல் கையிலேயே வைத்திருந்தேன். "ஒம்பது வருசமா ஒரு வார்த்தை ஏன்டா சொல்லல?"

"எங்கிட்ட வர்றவங்க சீட்டை நான் எதுக்கு இன்னொருத்தன்கிட்ட சொல்லணும்?"

"நான் இன்னொருத்தனாடா?"

"எங்கயும் ஸ்டாக் இல்ல. ரெண்டு நாளைக்குத்தான் மாத்திரை இருக்குன்னு போன் பண்ணாங்க. இது வெடுக்குனு நிறுத்துற மாத்திரையா? நீயும் படிச்சவன்தான. அதான் உங்கிட்ட கேட்டேன். வேற வழியில்ல" என்றான்.

பஸ்ஸில் திரும்பும்போது அந்தப் பேச்சுதான் காதில் ஓடியது. வெடுக்கென்று நிறுத்துகிற மாத்திரையா. பாதி வழியில்தான் உறைத்தது - அமாவாசை! வெடுக்கென்று நிறுத்தச் சொன்னவனே நான்தானே. லீலாவுக்கு இரண்டு அட்டை கிடைத்ததே அவன் நிறுத்தியதால்தான். அவன் மாத்திரையைத்தான் அவள் சாப்பிட்டுக்கொண்டிருக்கிறாள்.

அடப்பாவி. அடப்பாவி கொளஞ்சி.

ஜூலை 13, ஞாயிறு

கேட்டுவிட்டேன். எப்படிக் கேட்பது என்று மூன்று நாளாக ஒத்திகை பார்த்ததெல்லாம் வீண். காலையில் அவள் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள். எதிரே உட்கார்ந்து, "பச்சை மையில கொ.அ.ன்னு எழுதினது நான்தான் லீலா" என்றேன்.

கை நின்றது. பிறகு மறுபடி உரித்தாள்.

"தெரியும். அட்டையைத் திருப்பிப் பார்த்தன்னைக்கே தெரியும். நீங்க எப்ப கேப்பீங்கன்னுதான் இருந்தேன்."

எதனால் என்று கேட்டேன். நான் ஏதாவது செய்தேனா, ஆர்த்தியா, என் அம்மாவா? மண்டைக்குள் ஒரு பட்டியலே வைத்திருந்தேன்.

"காரணமெல்லாம் ஒண்ணும் இல்லீங்க. அடுப்பைப் பத்த வைக்கப் போவேன், எதுக்குப் பத்த வைக்கணும்னு நின்னுடுவேன். தலை சீவப் போனா சீப்பு கனக்கும். ஒருநா கெணத்தடியில ரொம்ப நேரம் நின்னுட்டேன். தண்ணி எடுக்கப் போகல. அன்னைக்கே பயந்துபோயி பெரம்பலூருக்கு பஸ் ஏறிட்டேன். டாக்டரம்மா சீட்டு எழுதிக் குடுத்தாங்க."

கிணற்றடி. எங்கள் கொல்லைக் கிணறு. நான் அப்போது எங்கே இருந்தேன்? கடையில்தான். யாருக்கோ கேஸ் மாத்திரை கொடுத்துக்கொண்டிருந்திருப்பேன்.

"எங்கிட்ட ஏன் சொல்லல லீலா? நான் மருந்துக் கடைக்காரன்."

அப்போதுதான் நிமிர்ந்து பார்த்தாள். "சொல்லத்தான் வந்தேன். மறுநா மதியம் கேரியரோட அந்தச் சீட்டையும் பையில வச்சு எடுத்தாந்தேன். கடையில ஒரு பெரியவரு நின்னாரு, பொண்ணுக்கு சீட்டு வச்சுக்கிட்டு. நீங்க அவருகிட்ட, 'இது மென்டல் மாத்திரை, வெளிய தெரிஞ்சா உம்பொண்ணுக்கு எவனும் தாலி கட்ட மாட்டான்'னு சொல்லிக்கிட்டிருந்தீங்க. சொல்லிட்டு சிரிச்சீங்க. நான் கேரியரை மட்டும் எடுத்து வச்சுட்டு வந்துட்டேன்."

வெங்காயத் தோலைக் கூட்டி அள்ளிக்கொண்டு எழுந்து போனாள். அழவில்லை. நான்தான் அழுதேன்.

அதே நாள்

அந்த அப்பா யார்? அந்தப் பெண் யார்? எனக்கு ஞாபகமே இல்லை. ஞாபகம் இல்லையென்றால் அப்படி எத்தனை பேரிடம் சொல்லியிருக்கிறேன்?

2016 டைரியைத் தேடி எடுத்தேன். மழை பெய்தது எழுதியிருக்கிறேன். மருந்து ஆய்வாளர் வந்துபோனது எழுதியிருக்கிறேன். ஃபிரிட்ஜ் ரிப்பேர் மூன்று பக்கம். லீலாவைப் பற்றி அந்த வருடம் முழுக்க ஒரே ஒரு வரி: 'மீன் குழம்பு நன்றாக இருந்தது.'

ஜூலை 14, திங்கள்

செந்துறை ரோட்டில் விசாரித்து விசாரித்து அமாவாசை வீட்டைக் கண்டுபிடித்தேன். வாசலில் டிப்பர் இல்லை. அவன் மனைவி பொன்னாயி முந்திரிக்கொட்டை உடைத்துக்கொண்டிருந்தாள்.

"மெடிக்கல் சாரா? வாங்க. உள்ள படுத்திருக்காரு. ரெண்டு மாசமா இப்படித்தான். வண்டிக்குப் போறதில்ல. சாப்புடுறதில்ல. புள்ளைவொகூடப் பேசறதில்ல. மாத்திரை சாப்புட்டப்ப நல்லாத்தாங்க இருந்தாரு. நீங்க வேணாம்னு சொன்னீங்களாம். கடைக்காரரே சொல்லிட்டாருன்னு மிச்சத்தையும் தூக்கிப் போட்டுட்டாரு" என்றாள். குற்றம் சாட்டவில்லை. நான் நல்லது சொன்னதாகவே இன்னும் நினைத்துக்கொண்டிருக்கிறாள். அதுதான் தாங்க முடியவில்லை.

உள்ளே போனேன். சுவரைப் பார்த்துப் படுத்திருந்தான். பாதியாக இளைத்திருந்தான். "அமாவாசை, நான் சொன்னது தப்பு" என்றேன். என் வாயிலிருந்து இந்த வார்த்தை கஸ்டமர் ஒருவரிடம் வருவது இதுதான் முதல் தடவை. "எனக்கு அதைச் சொல்ல உரிமை இல்ல. டாக்டரு சொல்லாம நிறுத்தவும் கூடாது, நாமளா மறுபடி ஆரம்பிக்கவும் கூடாது. நாளைக்கு நானே கூட்டிட்டுப் போறேன், வா."

சுவரைப் பார்த்தபடியே, "அப்ப நான் மென்டல்தானுங்களா?" என்று கேட்டான்.

"என் பொண்டாட்டி இதே மாத்திரையை ஒம்பது வருசமா சாப்புடுறா" என்றேன். சொன்ன பிறகுதான் திக்கென்றது. அவளைக் கேட்காமல் சொல்லிவிட்டேனே? ஆனால் அமாவாசை திரும்பிப் படுத்து என் முகத்தைப் பார்த்தான்.

ஜூலை 15, செவ்வாய்

திருச்சி. டாக்டரிடம் அமாவாசையை உட்கார வைத்துவிட்டு நடந்ததை நானே சொன்னேன். டாக்டர் பேனாவை மூடி வைத்துவிட்டு என்னைப் பார்த்த பார்வை இன்னும் கண்ணுக்குள் இருக்கிறது. நேரத்துக்குக் கொண்டுவந்தீர்கள் என்று மட்டும் சொன்னார்.

வீட்டுக்கு வந்து லீலாவிடம் அவள் பெயரை எடுத்ததைச் சொன்னேன். திட்டுவாள் என்று நினைத்தேன். "எழுந்து உக்காந்தாரா?" என்று கேட்டாள்.

ஆகஸ்ட் 2, சனி

"பெரம்பலூர் போயிட்டு வரேன்" என்றாள். பிறகு செருப்பு மாட்டியபடியே, "மொதல்ல மெடிக்கல், அப்புறம் கோயில்" என்றாள். மணிவேலுக்கு என்னிடம் மீதியிருந்த ஆறு அட்டையில் நான்கை நான்தான் நேற்று அனுப்பினேன், ஆனால் என் கடையில் அவள் கேட்கவில்லை. கேட்பாள் என்று எதிர்பார்க்க எனக்கு என்ன யோக்கியதை?

துளசி கொண்டுவந்தாள். கையில் வைத்துக்கொண்டே ரொம்ப நேரம் உட்கார்ந்திருந்தேன்.

ஆகஸ்ட் 19, செவ்வாய்

அட்டை இப்போது பிஸ்கட் டின்னில் இல்லை. என் சுகர் மாத்திரைக்குப் பக்கத்தில், டிவி ஸ்டாண்டில் இருக்கிறது.

செப்டம்பர் 3, புதன்

மதியம் ஒன்றேகால் இருக்கும். அமாவாசையும் பொன்னாயியும் கடைக்கு வந்தார்கள். அவன் சவரம் செய்திருந்தான். டாக்டர் வேறு மாத்திரைக்கு மாற்றி எழுதியிருந்தார். இன்னும் ஒரு மாதம் போகட்டும், வண்டி ஓட்டுவதை அப்புறம் பார்க்கலாம் என்று சொல்லியிருக்கிறாராம். கடையில் நான்கைந்து பேர் நின்றார்கள். பொன்னாயி தயங்கித் தயங்கி, "இந்த மாத்திரை எதுக்குங்க?" என்று கேட்டாள். அவளுக்குத் தெரியும். நான் என்ன சொல்லப்போகிறேன் என்றுதான் கேட்டாள்.

கவரை எடுத்தேன். பழக்கத்தில் பேனா 'ந' போட்டுவிட்டது. அந்தக் கவரைக் கசக்கிப் போட்டுவிட்டு வேறு எடுத்தேன். மனசுக்கு என்று எழுதினேன். கீழே: டாக்டர் சொல்லாமல் நிறுத்தக்கூடாது.

"மனசுக்கும்மா. சுகருக்குச் சாப்புடுற மாதிரிதான்" என்று எல்லோர் காதிலும் விழும்படி சொன்னேன். நிமிர்ந்தால் லீலா நிற்கிறாள். கையில் கேரியர் பை. எவ்வளவு நேரமாக நிற்கிறாள் என்று தெரியவில்லை. பையை மேஜையில் வைத்தாள். "குழம்புல உப்பு சரியா இருக்கும்" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டாள்.

கூட்டம் குறைந்ததும் சாப்பிட உட்கார்ந்து கேரியரை வெளியே எடுத்தேன். பைக்குள், அடியில், நான்காக மடித்த காகிதம். பெரம்பலூர் டாக்டரம்மாவின் சீட்டு. லீலாவதி, வயது 49.

சாப்பாட்டை மூடி வைத்துவிட்டுக் கவரை எடுத்தேன்.