ஜன்னல் பக்கத்துச் சட்டைக் கை

ஜூன் 4
எங்கள் துணிக்கடைக்கு ஒரு சினிமா இயக்குநர் வந்தார். தன் படத்தின் நாயகன் பஸ் டிரைவராம். அவனுக்குச் சட்டை வேண்டுமாம். அவர் எடுத்ததைப் பிடுங்கி உள்ளே வைத்தேன். “இது பேங்க் மேனேஜர் போடுறது தம்பி. ஸ்டியரிங் பிடிச்சா தோள்ல இழுக்கும்.” வந்த வியாபாரத்தைக் கெடுக்கிறாளே என்று தங்கை முறைத்தாள். அவரோ சிரித்தார். “அக்கா, படம் முழுக்க நீங்களே டிரெஸ் பண்ணுங்களேன்.” வாய் உள்ள பிள்ளை பிழைக்கும். சரி என்றுவிட்டேன்.

ஜூன் 5
ஆழம் தெரியாமல் காலை விட்டுவிட்டேனோ? துணி விற்கத் தெரியும். ஆளை உடுத்தத் தெரியுமா?

ஜூன் 17
இன்று கேமரா முன் உடைகளைப் பார்த்தார்கள். எல்லாவற்றுக்கும் நானே கஞ்சி போட்டு, இஸ்திரி போட்டுக் கொண்டுபோனேன். மடிப்பு கத்தி மாதிரி நின்றது. நடிகர் பஸ்ஸில் உட்கார்ந்ததும் இயக்குநர் கேட்டார்: “அக்கா, இவர் பஸ் ஓட்டுறவரா, உங்க கடை பொம்மையா?” எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்து வைத்தேன். தயாரிப்பாளர் தனியாகக் கூப்பிட்டார். “வெள்ளிக்கிழமை திரும்பப் பாக்கலாம். சரி வரலேன்னா வேற ஆள் வச்சுக்கிறோம்மா. தப்பா எடுத்துக்காதீங்க.”

தப்பா எடுத்துக்காம வேற எப்படி எடுத்துக்கிறதாம்? கசங்கின சரக்கைக் காட்டக் கூடாதுன்னு பழகின கை — அதுதான் காலை வாரிடுச்சு.

ஜூன் 18
புதுச் சட்டைகளை மூட்டை கட்டிக்கொண்டு பஸ் டிப்போவுக்குப் போனேன். டிரைவர்களை உற்றுப் பார்த்தபோதுதான் புரிந்தது: சட்டையில் ஜன்னல் பக்கத்துக் கை மட்டும் வெயிலில் வெளுத்திருக்கிறது; முதுகில் சீட் தேய்த்த பளபளப்பு. இதை எந்தக் கடையில் வாங்குவது? புதுசைத் தருகிறேன், போட்டிருப்பதைக் கொடுங்கள் என்றேன்.

“ஏம்மா, வீட்ல சொல்லிட்டுத்தான் வந்தீங்களா?” என்றார் ஒருவர்.

பின்னாலிருந்து இன்னொருவர்: “யோவ், அந்தம்மா தெளியறதுக்குள்ள கழட்டுய்யா!”

புதுசைக் கொடுத்துப் பழசை வாங்கியது வாழ்க்கையிலேயே இதுதான் முதல் தடவை. லாபம் எனக்குத்தான். அவர்களுக்குத் தெரியாது.

ஜூன் 19
துவைத்தாயிற்று. இஸ்திரிப் பெட்டியைத் தங்கை ஒளித்து வைத்துவிட்டாள். “உன் கை சும்மா இருக்காதுக்கா.”

ஜூன் 20
நடிகர் சட்டையைப் போட்டார், சீட்டில் உட்கார்ந்தார். யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை — வெளுத்த கையைத் தானாக ஜன்னலில் தூக்கி வைத்தார். இயக்குநர் என் பக்கம் திரும்பவே இல்லை. “அடுத்த டிரெஸ்” என்றார். தாமதமாக வந்த தயாரிப்பாளர் எட்டிப் பார்த்துவிட்டுக் கேட்டார்: “டிரைவர் வந்துட்டாரு, ஹீரோ எங்க?”

உடை மாற்றும் அறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு ஒரு ஆட்டம் போட்டுவிட்டு வந்தேன்.

நவம்பர் 11
கடையின் பெயர்ப்பலகையில் தங்கையின் பெயரை எழுதச் சொல்லிவிட்டேன். “அப்ப நீ?” என்றாள். உட்கார்ந்து பேச நேரமில்லை. அடுத்த படத்தின் கதாநாயகி நர்ஸ். ஆஸ்பத்திரியில் ஷிப்ட் முடிகிற நேரம். பை நிறையப் புது யூனிபார்மோடு ஓடினேன்.