டிரைவிங் மாஸ்டரும் கண்ணாடிக் கடைக்காரரும்

மார்ச் 3

அன்புள்ள முன்னாள் வீட்டுக்காரருக்கு,

நலம். உங்கள் கோபத்தையும் என் வாயையும் கோர்ட்டு பிரித்து வைத்து நான்கு வருடமாகிறது. இப்போது என்னைக் கட்டிக்கொள்ள இரண்டு பேர் போட்டி போடுகிறார்கள், சிரிக்காதீர்கள். ஒருவர் எனக்குக் கார் ஓட்டச் சொல்லித்தரும் மாஸ்டர். மற்றவர் எங்கள் தையல் கடைக்கு எதிரே மூக்குக்கண்ணாடிக் கடை வைத்திருப்பவர். இருவரும் மனைவியை இழந்தவர்கள். கடைக்கு வர மாஸ்டர் ஒரே பொத்தானை மறுபடி மறுபடி அறுத்துக்கொள்கிறார்.

என்னைப் பன்னிரண்டு வருடம் சகித்தவர் நீங்கள். யார் எனக்குத் தோதுப்படுவார்? மனதில் பட்டதை ஒளிக்காமல் எழுதுங்கள். அதுவரை யாருக்கும் பிடிகொடுக்க மாட்டேன்.

உங்கள் முன்னாள் தலைவலி

மார்ச் 19

அன்புள்ள தலைவலிக்கு,

லீவு போட்டு, பஸ் பிடித்து வந்து இருவரையும் பார்த்துவிட்டேன்.

கார் பழக வந்தவன் போல மாஸ்டரிடம் போனேன். தன் காலடியிலும் ஒரு பிரேக் வைத்திருக்கிறார். கொஞ்சம் வேகமெடுத்தாலே அதை மிதித்து, "யாரைக் கேட்டு கிளட்ச்சை விட்டீங்க?" என்று எரிந்து விழுகிறார். அவர் இன்னொரு நான். வேண்டாம்.

கண்ணாடிக் கடைக்காரரிடம் கண் சோதித்துக்கொண்டேன். வேண்டுமென்றே மாற்றி மாற்றிச் சொன்னேன். "பரவாயில்லைங்க, அவசரமே இல்ல. இப்ப பாருங்க, இது தெளிவா, அது தெளிவா?" என்று முகம் சுளிக்காமல் கேட்டுக்கொண்டே இருந்தார். உனக்கு ஒரு செருப்பு வாங்க எத்தனை கடை ஏறி இறங்க வேண்டும் என்று எனக்குத் தெரியும். அவரையே கட்டிக்கொள்.

அங்கிருந்து பார்த்தால் உன் தையல் மெஷின் தெரிகிறது. நீ நிமிரவில்லை.

முன்னாள் வீட்டுக்காரன்

மார்ச் 27

அன்புள்ள உங்களுக்கு,

அவ்வளவு தூரம் வந்தீர்கள், தெருவைத் தாண்டி வரவில்லை. இருவரையும் விசாரித்து எழுதினீர்கள், உங்களைப் பற்றி ஒன்றுமே இல்லை. "ரெண்டு பேரும் வேண்டாம், கிளம்பி வா" என்று எழுதுவீர்கள் என்றுதான் கேட்டேன். பெட்டியைக்கூடத் துடைத்து வைத்திருந்தேன்.

அழுது முடித்துவிட்டு யோசித்தேன். நீங்கள் சொன்னது சரி, அவர் நல்லவர். நேற்று அவரிடம் சம்மதம் சொல்லிவிட்டேன்.

உங்கள்மேல் கோபமில்லாத நான்

ஏப்ரல் 4

அன்புள்ள உனக்கு,

மனதார வாழ்த்துகிறேன். அன்று தெருவைத் தாண்டத்தான் நின்றேன், கால் வரவில்லை. உன்னைத் திரும்பக் கூப்பிட எனக்கு ஆசை இருந்தது. மறுபடியும் அழ வைத்துவிடுவேனோ என்ற பயம் அதைவிடப் பெரிதாக இருந்தது.

இனி எனக்கு எழுதாதே. எழுதினாலும் அவர் ஒன்றும் கேட்க மாட்டார், அவ்வளவு பொறுமைசாலி. அதனால்தான் சொல்கிறேன், எழுதாதே.