லாங் பெல்லும் பதினேழு படியும்

ஜூன் 3, செவ்வாய்

இந்த நோட்டை ஷைனி கொடுத்தாள். வாரம் ஒருமுறை வந்து என் இடது காலை மடக்கி நீட்டிவிட்டுப் போகும் மலையாளத்து ஃபிஸியோ. தினமும் எத்தனை அடி நடந்தேன், வலி எவ்வளவு என்று எழுதிவைக்க வேண்டுமாம். "செல்லதுரை சேட்டா, ஒரு திவசம்கூட விடாம எழுதணும் கேட்டோ" என்றாள். ஐம்பத்தொரு வயதில் வீட்டுப்பாடம்.

நடந்தது: பூஜ்யம். வலி: இருக்கிறது.

ஜூன் 4, புதன்

விடிந்ததும் என் மனைவி மாடத்தி இறால் உரிக்கத் தோப்பும்படிக்குப் போய்விடுகிறாள். எட்டு மணிக்கு மகள் ஸாதனா ரத்தப் பரிசோதனை லேபுக்குக் கிளம்பிக் கதவைச் சாத்தினால், சாயங்காலம்தான் மனித முகம். நான், வாக்கர், ஜன்னல். கீழே மட்டாஞ்சேரி பஜார் ரோட்டில் சுக்கு மூட்டை இறங்குகிறது. யார் தூக்குகிறார்கள் என்று சத்தத்தை வைத்தே சொல்வேன்.

ஏப்ரலில் கோடவுன் மரப்படி முறிந்து தலையில் மூட்டையோடு விழுந்தேன். தொடை எலும்பில் கம்பி வைத்தார்கள். ஆஸ்பத்திரியிலிருந்து வந்த அன்று நாற்காலியில் உட்காரவைத்து, என்னோடு மூட்டை தூக்கும் இசக்கிதுரையும் மற்ற மூன்று பேரும் இந்த மாடிக்குத் தூக்கிவந்தார்கள். முப்பது வருஷம் சுமை தூக்கியவன், சுமையாக ஏறினேன். "அண்ணாச்சி ரெண்டு மூட்டை வெயிட்டுல்லா இருக்கீரு" என்று இசக்கிதுரை சிரித்தான். நானும் சிரித்தேன். அதற்குப் பிறகு கீழே இறங்கவே இல்லை.

இறங்கப் பதினேழு படி. இதுவும் மரம்தான், ஏணி மாதிரி செங்குத்து. பிடித்துக்கொள்ள ஒரு கயிறு. ஒரு நேரத்தில் ஓர் ஆள்தான் போகலாம். இன்று வாக்கரைத் தள்ளிக்கொண்டு படியின் உச்சி வரை போனேன். மழை. படி ஈரமாக இருந்தது. திரும்பிவிட்டேன்.

ஜூன் 6, வெள்ளி

"அப்பாவுக்கு போரடிக்கும்" என்று ஸாதனா என் போனில் ஒரு விளையாட்டை ஏற்றிக் கொடுத்தாள். பெயர் 'லாங் பெல்'. பூட்டிய பள்ளிக்கூடத்துக்குள் நாற்பது பிள்ளைகள். நாம் சின்ன வயதில் ஆடிய ஆட்டங்கள்தான், ஆனால் தோற்றவன் அவுட் இல்லை, செத்தான். கடைசி மணி அடிக்கும்போது உயிரோடு இருப்பவன் வீட்டுக்குப் போகலாம். அவளும் ஆடுவாளாம். தன் பேரையும் என் பேரையும் சேர்த்து ஏதோ 'ஃபிரெண்டு' ஆக்கினாள். எதற்கென்று கேட்கவில்லை.

முதல் ஆட்டத்தைத் தாண்டாமலே ஏழு தடவை செத்தேன்.

ஜூன் 8, ஞாயிறு

இருபத்துமூன்று தடவை.

ஜூன் 10, செவ்வாய்

ஷைனி வந்தாள். நோட்டை எடுத்து, எழுதாத கணக்கை வாசித்தேன். புதன் இருபது அடி, வியாழன் முப்பது, வெள்ளி நாற்பது. எட்டிப் பார்த்தாள். "எனிக்கு ஒரு அட்சரம் மனசிலாவில்ல" என்று சிரித்தாள்.

யாருக்குத்தான் புரியும்? மாடத்திக்குப் படிப்பில்லை. ஸாதனா மட்டாஞ்சேரியில் பிறந்தவள். மலையாளப் பேப்பரை மடமடவென்று வாசிப்பாள். தமிழென்றால் தென்காசி பஸ் போர்டை எழுத்துக் கூட்டி முடிப்பதற்குள் பஸ் புறப்பட்டுவிடும். என் நோட்டு மேசைமேல் திறந்தே கிடக்கலாம். கோவில்பட்டியில் பத்தாவது வரை படித்தது இதற்காவது உதவுகிறது.

"பின்னே முட்டு எந்தா மடங்காத்தது?" என்று, மடங்காத முட்டியைப் பிடித்தபடி ஷைனி மட்டும் கொஞ்சம் யோசித்தாள்.

ஜூன் 13, வெள்ளி

சாகாமல் இருக்க நான் கண்டுபிடித்தவை. மறந்துவிடக் கூடாதென்று எழுதுகிறேன்.

சிலை ஆட்டம்: டீச்சர் பொம்மை கரும்பலகையில் எழுதிக்கொண்டிருக்கும். திரும்பும்போது அசைந்தவன் காலி. எல்லாரும் அதன் தலையையே பார்க்கிறார்கள், மடையர்கள். தலையைப் பார்க்காதே, சாக்பீஸைக் கேள். திரும்புவதற்கு முன் 'டக்'கென்று ஒரு புள்ளி வைக்கும். அந்தப் புள்ளியில் நின்றுவிடு. ஓடவும் கூடாது. தலையில் மூட்டையோடு நடப்பதுபோல், ஒரு கால் ஊன்றிய பிறகுதான் அடுத்த கால்.

கல்லா மண்ணா: மண் என்று குரல் வந்தால் கல்லில் நிற்பவனைக் கல் விழுங்கும், கல் என்றால் மண்ணில் நிற்பவனை மண் விழுங்கும். நடுவில் நிற்காதே, ஓரத்தில் நில். ஒரே எட்டில் அந்தப் பக்கம்.

நாற்காலி: மூலையில் வேகத்தைக் குறை. வேகமாக ஓடுகிறவன் நாற்காலியைத் தாண்டிவிடுவான்.

பொதுவிதி: முதல் ஆளாகப் போகாதே. எவனாவது அவசரக்காரன் முன்னால் போகட்டும். அவன் செத்த இடத்தைப் பார்த்து வைத்துக்கொள்.

இன்றும் வாக்கர் சுவரோரம் நின்றது.

ஜூன் 18, புதன்

இன்று கயிறு இழுக்கும் ஆட்டம். பத்துக்குப் பத்து. என் பக்கம் எல்லாம் மலையாளப் பிள்ளைகள். ஆளாளுக்கு இழுக்கிறார்கள், பள்ளத்துக்குள் போய்க்கொண்டிருக்கிறோம். எனக்குப் பொறுக்கவில்லை. மைக்கை அமுக்கி, "ஏலேய், இழுக்காதிய! மொதல்ல குதிகாலை ஊனி மல்லாந்து நில்லுங்க. நான் சொல்லும்போது ஒண்ணா இழுங்க" என்று கத்தினேன். லாரியிலிருந்து பெரிய பெட்டி இறக்கும்போது போடும் சத்தம் கொடுத்தேன். ஏ... ஹோய்! மூன்றே இழுப்பு. எதிர்ப்பக்கம் பத்துப் பேரும் பள்ளத்தில்.

"அண்ணாச்சி பொளிச்சு!" என்று ஒரு குரல் கொண்டாடியது. ஏப்ரலுக்குப் பிறகு என் சத்தத்துக்கு யாராவது இழுத்தது இன்றுதான். கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. யாரும் பார்க்கவில்லை, எழுதுவதில் வெட்கமில்லை.

அப்புறம் கடைசி ஆட்டத்தில் செத்தேன்.

ஜூன் 21, சனி

அந்தக் கடைசி ஆட்டம்தான் தலைவலி. படிக்கட்டு. உச்சியில் பள்ளிக்கூடக் கேட். ஒருவர் பின் ஒருவராகத்தான் ஏற வேண்டும், தாண்டிப் போக வழியில்லை. சில படிகள் உளுத்தவை, மிதித்தால் உள்ளே. நின்றுகொண்டே இருக்கவும் முடியாது, பின்னாலிருந்து ஒவ்வொரு படியாக விழுந்துகொண்டே வரும்.

என் பொதுவிதி இங்கே செல்லுபடியாகவில்லை. முன்னால் போக ஆள் இல்லாதபோது நான் நிற்கிறேன். பார்க்கிறேன். இன்னும் கொஞ்சம் பார்க்கிறேன். படி போய்விடுகிறது. பதினோரு தடவை இப்படி.

ஜூன் 24, செவ்வாய்

ஷைனியிடம் நூற்றிருபது அடி என்று வாசித்தேன். அவள் சிரிக்கவில்லை. முட்டியை அழுத்தினாள், நான் அலறினேன். "ஜூலை கழிஞ்சா இது இப்படியே ஒறச்சுப் போகும் சேட்டா. பின்னே ஜென்மத்துக்கும் மடங்காது." இவ்வளவு நடந்தும் ஏன் இப்படி என்று அவளுக்கே புரியவில்லையாம், டாக்டரிடம் கேட்கிறாளாம்.

பாவம், நல்ல பெண்.

ஜூன் 27, வெள்ளி

இன்று மழை இல்லை. உள்ளதை எழுதிவிடுகிறேன். நான்காம் தேதியும் படி ஈரமாக இல்லை. இங்கே படிக்கு மேல் கூரை இருக்கிறது.

உச்சியில் நின்று கீழே பார்த்தேன். இருட்டில் பதினேழாவது படி தெரியவில்லை. கோடவுனில் அந்தப் படி முறிந்த சத்தம் காதுக்குள் கேட்டது. வேர்த்துவிட்டது. அங்கேயே தரையில் உட்கார்ந்து, பிட்டத்தால் நகர்ந்து கட்டிலுக்கு வந்தேன்.

பயம்தான். வேறென்ன?

ஜூலை 1, செவ்வாய்

மாட்டிக்கொண்டேன்.

ஷைனியின் முன்னால் 'திங்கள் நூற்றைம்பது அடி' என்று வாசித்து முடித்தேன். ஸாதனா இன்று லீவு, அங்கேயே நின்றாள். ஷைனி போன பிறகு தன் போனைத் திருப்பிக் காட்டினாள். என் பேருக்குப் பக்கத்தில் பச்சைப் புள்ளி. அதன் கீழே நேற்று நான் ஆடிய நேரம்: எட்டு மணி நேரம், பத்து நிமிஷம். 'ஃபிரெண்டு' என்றால் இதுதானாம். எல்லா நாளும் இருக்கிறது. முந்தாநாள் ஏழரை. அதற்கு முந்தின நாள் ஒன்பது.

"எப்பத்தான்பா நடந்தீங்க?"

சாக்பீஸ் சத்தம் கேட்டு நிற்கத் தெரிந்த எனக்கு, இவள் பார்த்துக்கொண்டிருந்தது தெரியவில்லை.

"வலி உனக்குத் தெரியுமாட்டி? வந்துட்டா கணக்குக் கேக்க!" என்று கத்தினேன். அவள் அழவில்லை. அழுதிருந்தால் நன்றாயிருக்கும். சாயா போட்டுக் கொண்டுவந்து வைத்துவிட்டு உள்ளே போனாள்.

ஜூலை 2

ஒன்றும் எழுத இல்லை.

ஜூலை 5, சனி

நாலு நாளாகச் சரியாகப் பேசாதவள், இன்று மத்தியானம் கட்டிலோரம் வந்து உட்கார்ந்தாள். "வாங்கப்பா, ஒரு களி ஒண்ணிச்சு ஆடலாம்." அவள் போனில் அவள், என் போனில் நான்.

என்ன ஆட்டம் ஆடினோம்! சிலையில் என் பின்னால் ஒண்டிக்கொண்டே வந்தாள். ஒளிச்சுகளியில், காவல்காரன் ஏற்கெனவே தேடிய அறைக்குள் போய் ஒளிய வேண்டும் என்று சொல்லிக்கொடுத்தாள், எனக்கு அதுவரை தெரியாது. கயிற்றில் நான் சத்தம் கொடுக்க, அவளும் சேர்ந்து சத்தம் போட்டாள். வயிற்றில் பால் வார்த்ததுபோல் இருந்தது. கடைசியில் நாற்பது பேரில் நாங்கள் இருவர்தான் மிச்சம்.

படிக்கட்டு. நான் முன்னால், அவள் பின்னால்.

ஒன்பதாவது படியில் நின்றேன். பத்தாவது உளுத்ததா நல்லதா என்று பார்த்தேன். கீழே படிகள் விழ ஆரம்பித்தன. "போங்கப்பா" என்றாள். பொறுட்டி, பாக்கேன். "அப்பா, போங்க." ஒரு நிமிஷம்... அவள் நின்ற படி போய்விட்டது. திரையில் அவளாக நின்ற அந்தச் சின்னப் பிள்ளை, இரட்டைச் சடையோடு, கீழே கீழே போய்ப் புள்ளியாகி மறைந்தது.

என் போனில் மணி அடித்தது. லாங் பெல். கடைசி ஆள் நான்தானே. திரை முழுக்கப் பூ, மத்தாப்பு, கோப்பை. ஒரு மாதமாகக் கிடைக்காத கோப்பை.

"நீ ஏன்ட்டி முன்னால போகல?"

"படி ஒராளுக்குத்தானேப்பா. நீங்க நின்னா நான் எங்க போக?"

சும்மா விளையாட்டைத்தான் சொன்னாள். எழுந்து போய்த் துணி காயப்போட்டாள்.

ஜூலை 6, ஞாயிறு

'நான் எங்க போக' என்று ஸாதனா சொன்னது உறுத்தியது, அவளுக்கு எங்கே போக இருக்கிறது என்று மாடத்தியிடம் கேட்டேன். அவள் சொல்வதா வேண்டாமா என்று இழுத்தாள், பிறகு சொல்லிவிட்டாள். கோழிக்கோட்டில் ஒரு பெரிய ஆஸ்பத்திரி லேபில் ஸாதனாவுக்கு வேலை கிடைத்து ஒன்றரை மாதமாகிறது. ஒன்றாம் தேதியே சேர்ந்திருக்க வேண்டும். கெஞ்சி இருபத்தொன்று வரை தவணை வாங்கியிருக்கிறாள். அதற்குமேல் வேறு ஆளாம்.

"நீங்க இப்படிக் கெடக்கையில எப்படிப் போவா? ஒங்க கிட்ட சொல்லக் கூடாதுன்னு சத்தியம் வாங்கிட்டா. சொன்னா மனசு கஷ்டப்படுவீங்களாம்."

ஒன்றாம் தேதி. அன்றைக்குத்தான் அவளிடம் கத்தினேன்.

இந்த மனுஷன் எதற்குப் பயந்தான் என்று இரண்டாவது தடவை கேட்டுக்கொள்கிறேன். படிக்கு மட்டுமா? டாக்டர் ஏப்ரலிலேயே சொல்லிவிட்டார், நடக்கலாம், சுமை இனி ஆகாது என்று. இங்கே கிடக்கும் வரை நான் கால் ஒடிந்த சுமைக்காரன். கீழே இறங்கிவிட்டால் நான் யார்? அதைப் பார்க்கத் தைரியம் இல்லாமல்தான் மேலேயே இருந்தேன். எனக்காக அவளையும் நிறுத்திவைத்துக்கொண்டு. சீ.

ஜூலை 7, திங்கள்

எல்லாரும் போன பிறகு படி உச்சிக்குப் போனேன். கதவோரம் ஆணியில் என் சும்மாடு தொங்கியது. முப்பது வருஷம் மூட்டைக்கும் தலைக்கும் நடுவே இருந்த துணிச்சுருள். எடுத்து முதல் படியில் போட்டு அதன்மேல் உட்கார்ந்தேன். அப்புறம் அதை அடுத்த படிக்கு. குழந்தை இறங்குவதுபோல்.

நான்கு படி. ஒவ்வொன்றும் கிறீச்சிட்டது, ஒன்றும் முறியவில்லை. திரும்ப ஏறியபோது உயிர் போய் வந்தது.

ஜூலை 8, செவ்வாய்

ஷைனியிடம் வாசித்தேன். "திங்கள், நான்கு படி." நூற்றைம்பது அடி நடந்தவன் நான்கு படியா என்று விழித்தாள். உள்ளதைச் சொன்னேன். நன்றாகத் திட்டினாள். மலையாளத்தில் திட்டு வாங்கினால் பாதிதான் உறைக்கிறது, ஆனாலும் உறைத்தது. பிறகு கற்றுக்கொடுத்தாள்: ஏறும்போது நல்ல கால் முதலில், இறங்கும்போது கேடு வந்த கால் முதலில்.

ஜூலை 9

ஏழு.

ஜூலை 12, சனி

பதினேழு. உட்கார்ந்தபடியேதான். கீழே தெருவில் கால் வைத்தேன். மல்லி, சுக்கு, டீசல் எல்லாம் சேர்ந்த அந்த வாசனை. எதிரே இசக்கிதுரை தலையில் மூட்டையோடு வந்தவன், இறக்காமல் அப்படியே நின்றான். "அண்ணாச்சி!" என்றான். "நிக்காத, போ. கழுத்து போயிரும்" என்றேன். அவன் தலையில் போகும் மூட்டையையே பார்த்துக்கொண்டு நின்றேன். கொஞ்ச நேரம்தான்.

ஜூலை 16, புதன்

நின்றபடி இறங்கினேன். கயிறு, கைத்தடி. முட்டி பாதிதான் மடங்குகிறது, முழுசாக மடங்குமா தெரியாது என்கிறாள் ஷைனி. வலி: நிறைய. உண்மையாகவே நிறைய.

ஜூலை 20, ஞாயிறு

இன்று ஸாதனா கோழிக்கோட்டுக்குப் புறப்பட்டாள். நேற்று வரை "ஒரு வாரம்கூடக் கேட்டுப் பாக்கட்டாப்பா?" என்று கேட்டுக்கொண்டிருந்தாள்.

காலையில் பெட்டியோடு அவள் படியருகே வந்தபோது, நான் முன்னாலேயே போய்க் கயிற்றைப் பிடித்து நின்றுகொண்டேன். பெட்டியைத் தூக்கக் கை தானாகப் போனது. "ஒண்ணும் வேண்டாம்" என்று பிடுங்கிக்கொண்டாள். சரி, அவள் சுமை அவளிடம் இருக்கட்டும்.

நான் முன்னால், அவள் பின்னால். ஒன்பதாவது படி வந்தபோது, என் முதுகுக்குப் பின்னால் அவள் மூச்சைப் பிடித்துக்கொண்டது கேட்டது.

நான் நிற்கவில்லை.

ஆட்டோவில் ஏறும்வரை அவள் என் காலையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஆட்டோ திரும்பிய பிறகு எதிர்க்கடைக்குப் போய் ஒரு சாயா குடித்தேன், நின்றுகொண்டே.