வட்டி வேண்டாம் என்று எழுதிக் கொடுத்தேன்

உழவர்கரை,
ஞாயிற்றுக்கிழமை.

அன்பு மாமாவுக்கு,

உங்கள் ஜெயசித்ரா எழுதுகிறேன். நானும் நம் பெண்ணும் நலம். தினமும் போனில் பேசுகிறோமே, இதென்ன கடிதம் என்று நினைப்பீர்கள். இதைப் போனில் சொன்னால் பாதியிலேயே வைத்துவிடுவீர்கள். அதனால் விடுமுறை முடிந்து தோஹாவில் உங்கள் சைட்டுக்கே திரும்பும் வடிவேல் அண்ணனிடம் கொடுத்து அனுப்புகிறேன். முழுவதும் படித்துவிட்டு என்னிடம் பேசுங்கள்.

அன்புசெல்விக்குப் பன்னிரண்டாம் வகுப்புத் தேர்வு முடிந்தது. கணக்கு நன்றாக எழுதியிருக்கிறாளாம். நீங்கள் போகும்போது எட்டாவது படித்தாள், இப்போது என்னைவிட உயரம். போன வாரம் என் பச்சைப் புடவையைக் கட்டிக்கொண்டு ஒரு கல்யாணத்துக்குப் போனாள். போட்டோ எடுத்தேன், ஆனால் உங்களுக்கு அனுப்பவில்லை. எல்லாவற்றையும் போட்டோவிலேயே பார்க்கிறீர்களே என்று இருந்தது.

விஷயத்துக்கு வருகிறேன்.

தேங்காய்த்திட்டில் நீங்கள் கட்டிக் கொடுத்த மீன் ஏலக்கூடத்தின் வழக்கில் நவம்பரில் நடுவர் தீர்ப்புச் சொன்னாரல்லவா? ஆறரை வருடமாக அரசுத் துறை தராமல் இழுத்தடித்த முப்பத்தெட்டு லட்சத்தையும், தாமதத்துக்கு வட்டியாக இருபத்திரண்டு லட்சத்தையும் தர வேண்டும் என்று. அன்றைக்கு நீங்கள் போனில் அழுதீர்கள். "வட்டிய மட்டும் விடக் கூடாது ஜெயா. அவங்க குடுக்காத நாளுக்கெல்லாம் நான் வெளியில வட்டி கட்டினேன். வீட்ட பேங்க்ல வெச்சிட்டு இங்க வந்து நிக்கிறேன்" என்றீர்கள். அது நியாயம்தான். இன்றைக்கும் நியாயம்தான்.

ஜனவரியில் துறை அலுவலகத்தில் என்னைக் கூப்பிட்டார்கள். பொறியாளர் உட்காரச் சொல்லி மரியாதையாகத்தான் பேசினார். "வட்டி வேணாம்னு எழுதிக் குடுத்துடுங்கம்மா, நாப்பத்தஞ்சு நாள்ல அசல் வந்துடும். இல்லன்னா கோர்ட்டுக்குப் போவோம். அப்புறம் எப்ப முடியும்னு எங்களுக்கே தெரியாது" என்றார். நேராக வக்கீல் ஜானகிராமன் ஐயாவிடம் போனேன். சட்டம் நம் பக்கம்தான், காத்திருந்தால் வட்டியும் வரும் என்றார். எத்தனை நாள் என்று கேட்டேன். மூன்று வருடம், நான்கு வருடம்கூட ஆகலாம் என்றார். நீங்கள் சொன்னபடியே காத்திருக்கிறோம் என்று சொல்லிவிட்டுத்தான் வந்தேன்.

பிப்ரவரியில் வடிவேல் அண்ணன் ஊருக்கு வந்தார். நீங்கள் கொடுத்தனுப்பிய பேரீச்சம்பழத்தைக் கொடுத்தவர் கிளம்பாமலே உட்கார்ந்திருந்தார். பிறகுதான் சொன்னார்: "ஆகஸ்ட் வெயில்ல சைட்லயே சுருண்டு உழுந்துட்டாரும்மா. நெத்தியில தையல், ரெண்டு நாள் ஆஸ்பத்திரி. ஒனக்குச் சொல்லக் கூடாதுன்னு என்கிட்ட சத்தியம் வாங்கிட்டாரு." வீடியோவில் பேசும்போது அறைக்குள்ளேயும் தொப்பி போட்டிருக்கிறீர்களே, அது அந்தத் தையல் தழும்பை மறைக்கத்தான் என்று அன்றைக்குத்தான் தெரிந்தது.

மறுநாள் நீங்கள் எனக்கு எழுதிக் கொடுத்த பவர் பத்திரத்தை எடுத்துக்கொண்டு அந்த அலுவலகத்துக்குப் போனேன். 'இனி எக்காலத்திலும் வட்டி கோரமாட்டேன்' என்று டைப் அடித்து வைத்திருந்தார்கள். இரண்டு முறை படித்தேன். கையெழுத்துப் போட்டேன்.

ஆமாம் மாமா, உங்களைக் கேட்காமல்தான் போட்டேன். இரண்டு மாதமாக, வக்கீல் இன்னும் ஒன்றும் சொல்லவில்லை என்று உங்களிடம் பொய்தான் சொல்லிக்கொண்டிருந்தேன்.

அன்றைக்கு வீட்டுக்கு வர மனம் வரவில்லை. ஏலக்கூடத்துக்குப் போனேன். ஏலம் முடிந்து கழுவி விட்டிருந்தார்கள். ஒரு தூணில்கூட விரிசல் இல்லை. மீன் விற்கும் ஒரு அக்கா, கொளஞ்சி என்று பேராம், கூடையைப் பக்கத்தில் வைத்துவிட்டுக் காலை நீட்டி உட்கார்ந்திருந்தது. நான் மேலேயே பார்ப்பதைக் கண்டு, "யாரு கட்டினாங்களோ, காத்து நல்லா வருது" என்றது. என் வீட்டுக்காரர்தான் என்றேன். "அப்பிடியா! இப்ப எங்க வேல செய்யிறாரு?" என்று கேட்டது. கால் கிலோ சங்கரா வாங்கிக்கொண்டு வந்துவிட்டேன்.

பணம் இந்தப் புதன்கிழமை வந்தது. சொன்ன நாளுக்கு ஐந்து நாள் தாமதம். அந்த ஐந்து நாளுக்கும் வட்டி கிடையாது. வங்கிக் கடனை அடைத்து வீட்டுப் பத்திரத்தை மீட்டுவிட்டேன். கம்பிக் கடை பாக்கியும் தீர்ந்தது. கையில் மிச்சம் அதிகமில்லை. ஆனால் யாருக்கும் ஒரு ரூபாய்கூட நாம் தர வேண்டியதில்லை. உங்கள் நண்பர் முத்துவேல், இங்கே பக்கத்திலேயே மேட்டுப்பாளையத்தில் புதிதாக எழும்பும் ஒரு கம்பெனிக் கட்டடத்துக்கு மேற்பார்வைக்கு ஆள் வேண்டும் என்கிறார். அங்கே வாங்குவதில் பாதிதான் சம்பளம். நமக்குப் போதும்.

நீங்கள் ஜெயித்த வழக்கில் ஒரு பங்கை நான் விட்டுக் கொடுத்துவிட்டேன். இன்னும் நான்கு வருடம் காத்திருந்தால் அந்தப் பணமும் வந்திருக்கும். எனக்குத்தான் காத்திருக்கத் தைரியம் இல்லாமல் போனது.

உங்களுக்குக் கோபம் வரும். வரட்டும். ஆனால் அங்கிருந்தபடி திட்டாதீர்கள். டிக்கெட் எடுத்து வாருங்கள். என் எதிரில் உட்கார்ந்து, எத்தனை நாள் வேண்டுமானாலும் திட்டுங்கள். ஒரு வார்த்தை எதிர்த்துப் பேசாமல் கேட்டுக்கொள்கிறேன்.

உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

உங்களுடைய,
ஜெயசித்ரா